பெட்ஷீட்ட பாத்த அந்த ரெண்டு செகண்டு

கல்யாணமாகி ஏழு மாசம் கழிச்சு தான் எங்களுக்குள்ள முதல் முறையா உறவு முழுசா நடந்துச்சு. முடிஞ்சதும் என் வீட்டுக்காரர் எழுந்து லைட்ட போட்டாரு, எனக்கு தண்ணி எடுத்துக் கொடுத்தாரு, அப்புறம் ஒரு ரெண்டு செகண்டு, அவ்வளவு தான், பெட்ஷீட்ட பாத்தாரு. அவர் பாக்குறத நான் பாத்தேன். ஷீட்ல ஒண்ணும் இல்ல. அவரும் எதுவும் கேக்கல, நானும் எதுவும் சொல்லல, லைட்ட அணைச்சுட்டு படுத்துட்டோம். ஆனா அன்னைக்கு ராத்திரி பூரா எனக்கு தூக்கம் வரல. அவருக்கு முன்னாடி என் வாழ்க்கைல யாருமே கிடையாது, அப்படி இருந்தும் ஏன் ரத்தம் வரலன்னு என்னைய நானே சந்தேகப்பட்டுட்டு படுத்திருந்தேன். ஏழாவது படிக்கும்போது சைக்கிள்ல இருந்து விழுந்தேனே அதுனாலயா, ஸ்கூல்ல ஹை ஜம்ப் பண்ணேனே அதுனாலயான்னு ஒவ்வொண்ணா கணக்கு போட்டேன், எதையாவது ஒரு காரணத்த கையில வச்சுக்கணும், கேட்டா சொல்லணும்னு.

இது நடந்து ஒன்பது வருஷம் ஆச்சு. இத்தன நாள் யார்கிட்டயும் விவரமா சொன்னதில்ல. போன மாசம் என் சித்தி பொண்ணு போன் பண்ணா, அவளுக்கு 26 வயசு, நிச்சயம் முடிஞ்சிருக்கு, நல்லா படிச்சு வேலைக்கு போற பொண்ணு. சுத்தி வளைச்சு ஏதேதோ பேசிட்டு கடைசில "அக்கா, ரத்தம் வரலன்னா அவர் என்னைய என்ன நினைப்பாரு"ன்னு கேட்டா. எனக்கு ஒரு நிமிஷம் பேச்சே வரல. ஒன்பது வருஷத்துல போன் மாறிடுச்சு எல்லாம் மாறிடுச்சு, இந்த கேள்வி மட்டும் அதே இடத்துல நின்னுட்டு இருக்கு. அவகிட்ட சொன்னத எல்லாம் இங்கயும் எழுதிடலாம்னு உக்காந்துட்டேன்.

முதல்ல எனக்கு அப்ப என்ன தெரியும்ங்கறத சொல்லிடறேன். பிறப்புறுப்போட வாசல்ல ஒரு சவ்வு மூடியிருக்கும், முதல் தடவை அது கிழியும், ரத்தம் வரும், வலிக்கும், பல்ல கடிச்சுகிட்டு பொறுத்துக்கணும். இவ்வளவு தான். அம்மா எதுவும் சொல்லல, கூட படிச்ச பொண்ணுங்க சொன்னதும் கதைங்கள்ல படிச்சதும் சேந்து மண்டைக்குள்ள உக்காந்துருச்சு. நம்ம மொழில அதுக்கு வச்சிருக்குற பேரே கன்னித்திரை. திரைன்னா என்ன நினைப்போம், ஜன்னல் திரை மாதிரி பூரா மூடியிருக்கும்னு தான நினைப்போம். பூரா மூடியிருந்தா மாசாமாசம் பீரியட்ஸ் ரத்தம் எப்படி வெளிய வருதுன்னு நான் ஒரு நாள் கூட யோசிச்சதில்ல, யோசிக்கவே தோணல.

கல்யாணத்துக்கு அப்புறம் முதல் ரெண்டு மாசம் நாங்க முயற்சி பண்ணப்ப எல்லாம் அங்க ஒரு செவுரு இருக்குற மாதிரி இருந்துச்சு. அவர் பக்கத்துல வந்தாலே என் தொடை ரெண்டும் இறுகிடும், மூச்ச பிடிச்சுக்குவேன், உள்ள ஒரு எரிச்சலான கூர்மையான வலி. நான் வேணாம்னு சொல்ல மாட்டேன், ஏன்னா சொல்லக்கூடாதுன்னு நினைச்சேன். எப்படியாவது இன்னைக்கு முடிஞ்சிட்டா போதும்னு கண்ண மூடிக்குவேன். அவர் என் முகத்த பாத்துட்டு அவரே நிறுத்திடுவாரு, அப்புறம் ரெண்டு பேரும் ஆளுக்கொரு பக்கமா திரும்பி படுத்துக்குவோம். இதுக்கு நடுவுல வீட்ல எல்லாரும் "ஏதாவது விசேஷமா"ன்னு கேக்க ஆரம்பிச்சாச்சு.

முதல்ல பாத்த டாக்டர் என்னைய உக்கார வச்சு பேசுனது மொத்தமே மூணு நிமிஷம் இருக்கும். "ரிலாக்ஸா இரும்மா, கொஞ்சம் ஒத்துழைப்பு கொடு, ஒரு குழந்தை பொறந்தா எல்லாம் சரியாயிடும்" அவ்வளவு தான். குழந்தை பொறக்கறதுக்கு வழியே இல்லாம தான வந்திருக்கேன்னு கேக்க கூட எனக்கு தைரியம் இல்ல. வெளிய வந்து ஆட்டோல அழுதேன். இப்ப யோசிச்சா அந்த ஒத்துழைப்புங்கற வார்த்தை மேல தான் எனக்கு ரொம்ப கோவம் வருது. நான் வேணும்னே மறுக்கறேன்னு அதுக்கு அர்த்தம் வந்துடுது இல்லையா.

ரெண்டாவதா ஒரு லேடி டாக்டர், வயசானவங்க, அவங்ககிட்ட போனது தான் எங்க வாழ்க்கைய மாத்துச்சு. அவங்க உடனே பரிசோதனை பண்ண படுக்க சொல்லல. "வாம்மா உக்காரு, முதல்ல ஒண்ணு சொல்லு, உனக்கு வேணும்னு இருக்கா, இல்ல முடிச்சுடணும்னு இருக்கா"ன்னு கேட்டாங்க. அதுவரைக்கும் இத யாரும் என்கிட்ட கேட்டதில்ல, நானும் என்கிட்ட கேட்டதில்ல. "முடிச்சுடணும்னு இருக்கு டாக்டர்"னு சொல்லிட்டு அப்படியே அழுதுட்டேன். அவங்க டிஷ்யூ பாக்ஸ என் பக்கம் தள்ளிட்டு நான் நிறுத்தற வரைக்கும் ஒண்ணும் பேசாம இருந்தாங்க.

அப்புறம் அவங்க ஆள்காட்டி விரல என் கண்ணுக்கு நேரா டக்குன்னு கொண்டு வந்தாங்க. நான் கண்ண மூடிட்டேன். "நீயா மூடுனியா, அதுவா மூடுச்சா" "அதுவா தான் டாக்டர்" "கீழயும் அதே தான் நடக்குது, நீ ஒண்ணும் தப்பு பண்ணல." இதுக்கு பேரு வஜைனிஸ்மஸ். வலிக்கும்ங்கற பயத்துல இடுப்புக்கு கீழ வஜைனாவ சுத்தி இருக்குற தசைங்க நம்ம கட்டுப்பாடு இல்லாமலே இறுகிடும், இறுகுன இடத்துல முயற்சி பண்ணா வலிக்கும், வலிச்சா அடுத்த தடவை பயம் இன்னும் கூடும், இன்னும் இறுகும். இது ஒரு வட்டம் மாதிரி சுத்திகிட்டே இருக்கும். பல்ல கடிச்சு பொறுத்துக்கிட்டா சரியாகும்னு சொல்றது தான் இத இன்னும் மோசமாக்குற அறிவுரை. இது வைத்தியம் பண்ணா சரியாகக்கூடிய விஷயம், நிறைய பேருக்கு முழுசா சரியாகுது.

வைத்தியத்துல அவங்க முதல்ல சொன்னது என்ன தெரியுமா, கொஞ்ச நாளைக்கு உறவு முயற்சியே பண்ணக்கூடாது. அத கேட்டதும் என் தோள்பட்டை ரெண்டும் கீழ எறங்குனத நானே உணர்ந்தேன். கட்டிப்பிடிக்கலாம், முத்தம் கொடுக்கலாம், தொடலாம், ஆனா அது எங்க போய் முடியும்ங்கற பயம் இல்லாம. கூடவே மூச்சுப் பயிற்சி, பெல்விக் ஃப்ளோர் பிசியோதெரபி, அதாவது அந்த இடுப்புத் தசைங்கள தளர்த்தற பயிற்சி, அப்புறம் வஜைனாவுக்குள்ள வச்சு பழகறதுக்கு டைலேட்டர்னு சின்னதுல இருந்து பெருசு வரைக்கும் வழவழன்னு குழாய் மாதிரி ஒரு செட்டு வரும், லூப்ரிகண்ட் போட்டு, கதவ சாத்திகிட்டு, என் வேகத்துல, நானே. அவசரமே கிடையாது, வலிச்சா நிறுத்திடணும். ஒரு விஷயம் இங்க சொல்லணும், நெட்ல பாத்துட்டு நிறைய பேர் கீகல் பயிற்சி பண்ணி அந்த தசைய இறுக்கி இறுக்கி பழகறாங்க, எங்களுக்கு வேண்டியது அது இல்ல, இறுக்குனத தளர்த்த கத்துக்கறது தான் முக்கியம். மூச்ச வெளிய விடும்போது அந்த தசை மெதுவா கீழ எறங்கறத கவனிக்க சொன்னாங்க, அது புரியவே எனக்கு மூணு வாரம் ஆச்சு. மொத்தமா மூணு மாசத்துக்கு மேல ஆச்சு. அதுக்கப்புறம் தான் அந்த ஏழாவது மாசம், அந்த ராத்திரி, அந்த பெட்ஷீட்.

ஒரு வாரம் நான் அத மனசுலயே வச்சிருந்தேன். அப்புறம் ஒரு நாள் சாயந்தரம் நானே கேட்டுட்டேன், "அன்னைக்கு ஷீட்ட பாத்தீங்கல்ல." அவர் முகம் செத்துப்போச்சு. "சந்தேகப்பட்டு பாக்கல, சத்தியமா. பசங்க எல்லாம் சொல்லுவானுங்க, அது அப்படியே மண்டைல ஓடுச்சு, என்ன மீறி கண்ணு போயிருச்சு"ன்னாரு. நான் நம்பினேன். ஆனா நம்பினது மட்டும் பத்தல, ரெண்டு பேருக்குமே விடை தெரியணும்னு அடுத்த செக்கப்புக்கு அவரையும் கூட்டிட்டு போனேன்.

டாக்டர் சிரிக்கவும் இல்ல திட்டவும் இல்ல. மணிக்கட்டுல போட்டிருந்த தலைமுடி பேண்ட கழட்டுனாங்க, துணி சுருக்கு வச்சு தச்ச எலாஸ்டிக் பேண்டு. அத மேசை மேல வச்சு "கன்னித்திரைன்னு நீங்க சொல்றது கிட்டத்தட்ட இது மாதிரி, வாசல்ல ஓரமா சுத்தி இருக்குற மடிப்பு, நடுவுல ஓட்டை பொறக்கும்போதே இருக்கும்"னாங்க. மூணு விரல உள்ள விட்டு விரிச்சாங்க, எடுத்தாங்க, அது பழையபடி சுருங்கிடுச்சு. என் வீட்டுக்காரர் கையில கொடுத்து "இத பாத்து யாராவது விரல் விட்டாங்களா இல்லையான்னு சொல்லுங்க சார் பாப்போம்"னாங்க. அவர் அந்த பேண்ட திருப்பி திருப்பி பாத்துட்டே இருந்தாரு, பதில் சொல்லல.

வயசுக்கு வந்தப்புறம் ஈஸ்ட்ரோஜன் ஹார்மோனால அந்த மடிப்பு இன்னும் மெத்துன்னு விரியற மாதிரி ஆயிடும். ஒருத்தருக்கு வளையம் மாதிரி இருக்கும், ஒருத்தருக்கு பிறை மாதிரி இருக்கும், சில பேருக்கு நடுவுல ஒரு பட்டை ஓடும், சில பேருக்கு இருக்குறதே தெரியாது. ரொம்ப அபூர்வமா பொறக்கும்போதே முழுசா மூடியிருக்கும், அது ஒரு மருத்துவப் பிரச்சினை, வயசுக்கு வர வேண்டிய வயசு தாண்டியும் பீரியட்ஸ் வராம மாசாமாசம் வயித்து வலி மட்டும் வரும், சின்ன ஆபரேஷன்ல சரி பண்ணுவாங்க. அதாவது நாம நினைக்கிற அந்த "மூடியிருக்குற திரை" இருந்தா அது நோய், இயல்பு கிடையாது. இது எனக்கு பெரிய அதிர்ச்சியா இருந்துச்சு.

முதல் தடவை சில பேருக்கு ரத்தம் வரும் தான், இல்லன்னு சொல்லல. மடிப்புல சின்னதா கீறல் விழலாம், ஈரப்பசை இல்லாம அவசரப்பட்டா வஜைனாவோட உள்சுவர்ல உரசி வரலாம், பெரும்பாலும் சில சொட்டு தான், தானா ஆறிடும். ஆனா வராதவங்க தான் எத்தன பேர். 1998ல பிரிட்டிஷ் மெடிக்கல் ஜர்னல்ல ஒரு லேடி டாக்டர் தன் கூட வேலை பாக்குற பெண்கள்கிட்டயே கேட்டு எழுதியிருந்தாங்க, 63 சதவீதம் பேர் எங்களுக்கு வரலன்னு சொல்லியிருக்காங்க. சின்ன விசாரிப்பு தான், இருந்தாலும் படிச்சதும் எனக்கு மூச்சு திரும்பி வந்த மாதிரி இருந்துச்சு. 2004ல வந்த இன்னொரு ஆய்வுல கர்ப்பமா இருந்த 36 இளம்பெண்கள பரிசோதிச்சதுல 2 பேர்கிட்ட மட்டும் தான் உறவு நடந்ததுக்கு உறுதியான அடையாளம் தெரிஞ்சுது. கர்ப்பமா இருக்கும்போதே அங்க பாத்து சொல்ல முடியலன்னா, வேற யார பாத்து என்னத்த சொல்ல முடியும்?

சைக்கிள் கதைக்கு வரேன். "சைக்கிள் ஓட்டுனா, டான்ஸ் ஆடுனா கிழிஞ்சிடும்"னு சொல்றவங்க நல்ல எண்ணத்துல தான் சொல்றாங்க, பொண்ண காப்பாத்தணும்னு தான் சொல்றாங்க. ஆனா அத சொல்லும்போதே திரைன்னு ஒண்ணு முழுசா இருந்துச்சு, அது போனதுக்கு நாம காரணம் காட்டணும்னு ஒத்துக்கற மாதிரி ஆயிடுது. காரணமே காட்ட வேண்டாம், காட்ட ஒண்ணும் இல்ல. பீரியட்ஸ் சமயத்துல உள்ள வைக்கற டேம்பானோ மென்ஸ்ட்ருவல் கப்போ வச்சா "கன்னித்தன்மை போயிடும்"ங்கற பயமும் இதே வேர்ல இருந்து வர்றது தான்.

உலக சுகாதார நிறுவனமும் ஐநாவோட ரெண்டு அமைப்புகளும் சேந்து 2018 அக்டோபர்ல தெளிவா சொல்லிட்டாங்க, கன்னித்தன்மைங்கறது மருத்துவச் சொல்லே கிடையாது, எந்தப் பரிசோதனையும் ஒரு பெண் உறவு வச்சிருக்காளா இல்லையான்னு நிரூபிக்க முடியாது, அப்படி சோதிக்கறத நிறுத்தணும்னு. 2022 அக்டோபர் 31ல இந்திய உச்ச நீதிமன்றம், பாலியல் வன்கொடுமைக்கு ஆளான பெண்களுக்கு விரல உள்ள விட்டு பாக்குற ரெண்டு விரல் சோதனை பண்றவங்கள ஒழுங்கீனம் பண்ணவங்களா கருதணும்னு சொல்லுச்சு. பிரிட்டன்ல 2022 சட்டம் இந்த சோதனையையும், திரைய "தச்சு சரி பண்ற" ஆபரேஷனையும் குற்றமாவே ஆக்கிடுச்சு. அந்த ஆபரேஷன் பண்ணா ரத்தம் வரும்ங்கற உத்தரவாதமும் கிடையாது, பயத்த வச்சு காசு பாக்குற வேலை அது. ஸ்வீடன்ல 2009ல பாலியல் கல்வி அமைப்பு ஒண்ணு அந்த திரைங்கற பேரையே மாத்தி வளையம், கிரீடம்ங்கற அர்த்தத்துல ஒரு புது சொல்ல கொண்டு வந்தாங்க. நம்ம மொழியிலயும் யாராவது நல்லதா ஒரு பேரு கண்டுபிடிச்சா எவ்வளவு நல்லா இருக்கும்னு எனக்கு அடிக்கடி தோணும்.

வார்த்தைன்னு சொன்னதும் இன்னொண்ணும் சொல்லியே ஆகணும். கற்பழிப்புங்கற சொல்ல இப்ப பல பத்திரிகைல விட்டுட்டு பாலியல் வன்கொடுமைன்னு எழுதறாங்க, அதுக்கு காரணம் இருக்கு. ஒருத்தன் செஞ்ச குற்றத்துக்கு பாதிக்கப்பட்டவ எதையோ இழந்துட்டான்னு அந்த பழைய சொல் சொல்லுது. என் ரொம்ப நெருங்கின தோழி ஒருத்திக்கு சின்ன வயசுல சொந்தத்துலயே ஒருத்தனால கொடுமை நடந்துச்சு, "நான் கல்யாணத்துக்கு தகுதியானவளா, இத சொல்லாம பண்றது ஏமாத்தறதா"ன்னு முப்பது வயசு வரைக்கும் அவளுக்கு அதே யோசனை. கவுன்சிலர் சொன்ன ஒரு வரி தான் அவள மீட்டுச்சு, "அவன் செஞ்சது வன்முறை, அது உன் முதல் உறவு இல்ல, உன் முதல் உறவு நீ விரும்பி நடக்கறப்ப தான்." இப்படி யாருக்காவது நடந்து கொஞ்ச நேரம் தான் ஆகியிருந்தா 72 மணி நேரத்துக்குள்ள ஆஸ்பத்திரிக்கு போறது ரொம்ப முக்கியம், எச்ஐவி வராம தடுக்க மருந்து இருக்கு, கர்ப்பத் தடுப்பு மாத்திரை இருக்கு, எவ்வளவு சீக்கிரம் போறோமோ அவ்வளவு நல்லது. சாதாரணமா பாதுகாப்பு இல்லாம உறவு நடந்துட்டாலும் அந்த அவசர மாத்திரைக்கு இதே கணக்கு தான். முதல் தடவைல கர்ப்பமாக மாட்டாங்கங்கறது சுத்தப் பொய்.

ஆம்பளைங்க பக்கத்த விட்டுட்டு இத பேச முடியாது. அவங்கள சோதிக்க ஷீட் கிடையாது, ஆனா வேற மாதிரி நசுக்கறாங்க. பொண்ணுக்கு அனுபவம் இருந்தா தப்பு, ஆணுக்கு அனுபவம் இல்லன்னா கேலி, "இன்னும் கன்னிப்பையனா நீ". எங்க ரெண்டாவது மாசத்துல ஒரு நாள் அவருக்கு விறைப்பு வரல. என் வலிய பாத்து பயந்து போயிருந்த மனுஷனுக்கு எப்படி வரும், பதட்டத்துல உடம்புல அட்ரினலின் ஓடும்போது அங்க ரத்த ஓட்டம் குறையத்தான் செய்யும். ஆனா அவர் தனக்கு ஆண்மைக்குறைவுன்னு முடிவே பண்ணி, எனக்கு தெரியாம நெட்ல விளம்பரம் பாத்து ஏதோ மாத்திரை வாங்கி அலமாரில துணிக்கு அடியில வச்சிருந்தாரு. நான் துணி அடுக்கும்போது பாத்தேன், நாலு மாத்திரை குறைஞ்சிருந்துச்சு. அது ஆபத்து, இந்த மாதிரி விக்குற மாத்திரைல என்ன இருக்குன்னே தெரியாது, இதய நோய்க்கு நைட்ரேட் மருந்து எடுக்கறவங்க விறைப்பு மாத்திரை சாப்பிட்டா ரத்த அழுத்தம் திடீர்னு எறங்கி உயிருக்கே ஆபத்தாகும். ஒரு டாக்டர பாத்திருந்தா அஞ்சு நிமிஷத்துல முடிஞ்சிருக்க வேண்டிய பயம்.

இப்ப சித்தி பொண்ணுகிட்ட நான் சொன்னதுக்கு வரேன். ரத்தம் பத்தி மேல சொன்னதெல்லாம் சொன்னேன். அப்புறம், "நீ கேக்க வேண்டிய கேள்வி வேற இருக்கு, உனக்கு மனசு தயாரா"ன்னேன். எப்படிக்கா தெரியும்னா. எனக்கு தெரிஞ்ச வரைக்கும் சொன்னேன். இன்னைக்கு வேணாம்னு அவர்கிட்ட உன்னால சொல்ல முடியுமா, சொல்லிட்டு நிம்மதியா தூங்க முடியுமா? பாதில நிறுத்துங்கன்னு சொன்னா நிறுத்துவாரு, அடுத்த நாள் முகத்த தூக்கி வச்சுக்க மாட்டாருன்னு நம்பிக்கை இருக்கா? பகல்ல, வெளிச்சத்துல, காண்டம் பத்தியும் குழந்தை எப்பங்கறது பத்தியும் அவர்கிட்ட பேச முடியுதா? இதுக்கெல்லாம் தயக்கம் இருந்தா அது குறை இல்ல, இன்னும் கொஞ்சம் பழகணும்னு அர்த்தம். கல்யாண தேதி குறிச்சதால உடம்பும் மனசும் அதே தேதிக்கு தயாராயிடாது. முதல் ராத்திரி தூங்கறதுக்கு தான், அவ்வளவு அலுப்புல யாரா இருந்தாலும் அது தான் நியாயம்.

இது கல்யாணம் ஆகாதவங்களுக்கும் பொருந்தும். "என்ன நிஜமாவே லவ் பண்றியா, அப்ப நிரூபி"ங்கறவங்ககிட்ட இருந்து தள்ளி நில்லுங்க, அது காதல வச்சு பண்ற மிரட்டல். என் கூட படிச்சவ ஒருத்தி 22 வயசுல எல்லாரும் தாண்டிட்டாங்க நான் மட்டும் தான்னு நினைச்சு சம்மதிச்சா, கன்னித்தன்மை போச்சேன்னு அவ அழல, என்கிட்ட ஒரு வார்த்தை உனக்கு ஓகேவான்னு கூட அவன் கேக்கலையேன்னு தான் அழுதா. அதே மாதிரி கல்யாணம் வரைக்கும் காத்திருக்கணும்னு நினைக்கறவங்கள பழமைவாதின்னு கிண்டல் பண்றதையும் நான் ஏத்துக்க மாட்டேன். பயத்துல காத்திருக்கறது வேற, தனக்கு இது தான் சரின்னு யோசிச்சு காத்திருக்கறது வேற, ரெண்டாவது மரியாதைக்குரிய முடிவு. உறவுல நாட்டமே இல்லாதவங்களும் இருக்காங்க, அவங்களுக்கு எந்த நோயும் இல்ல, ஆனா கல்யாணத்துக்கு முன்னாடி துணைகிட்ட அத பேசிடறது ரெண்டு பேருக்கும் நல்லது.

அவ அடுத்து கேட்டது தான் கஷ்டமான கேள்வி. அவளுக்கு காலேஜ்ல ஒரு காதல் இருந்துச்சு, அது உடம்பு வரைக்கும் போன காதல். "இத அவர்கிட்ட சொல்லணுமா அக்கா?" நான் ரெண்டு நாள் டைம் கேட்டேன், உடனே பதில் சொல்ல எனக்கு பயமா இருந்துச்சு. யோசிச்சு சொன்னது இது தான். நடந்தது உன் வாழ்க்கை, அதுல குற்றம் எதுவும் இல்ல, அதுனால குற்றத்த ஒத்துக்கற மாதிரி போய் நிக்காத. யார்கூட, எத்தன தடவைங்கற கணக்க யாருக்கும் ஒப்படைக்க வேண்டியதில்ல. ஆனா அவர் உடம்போட நலத்துக்கு சம்பந்தப்பட்டத மறைக்கக்கூடாது, அதுக்கு தான் ரெண்டு பேருமே எச்ஐவி, ஹெபடைட்டிஸ் பி, சிபிலிஸ் டெஸ்ட் எடுத்துக்கங்க, அவர் கன்னிப்பையனா இருந்தாலும் சரி, ஏன்னா ஹெபடைட்டிஸ் பி ரத்தம் மூலமாவும் பொறக்கும்போது அம்மா மூலமாவும் கூட வரும், அதுக்கு தடுப்பூசியும் இருக்கு. மறைச்சு வச்சு தினமும் பயந்து வாழ உன்னால முடியாதுன்னா சொல்லிடு, கல்யாணத்துக்கு முன்னாடியே சொல்லு. சொன்னப்ப அவர் வருத்தப்படலாம், கொஞ்சம் டைம் கேக்கலாம், அது மனுஷ இயல்பு. கேவலமா பேசுனா அது உனக்கு அவரப் பத்தி கிடைச்ச தகவல், தாமதமா கிடைக்கறதுக்கு இப்பவே கிடைச்சது நல்லது. இதுல என் கருத்து எல்லாருக்கும் ஒத்து வராதுன்னு தெரியும், சில வீட்ல சொன்னா உயிருக்கே ஆபத்து, அங்க முதல்ல பாதுகாப்பு, அப்புறம் தான் மத்ததெல்லாம்.

அவ கேட்ட சின்னச் சின்ன விஷயத்தையும் எழுதிடறேன். லூப்ரிகண்ட் வாங்கி வச்சுக்கறது வெக்கம் இல்ல, பதட்டத்துல ஈரப்பசை குறைவா இருக்கறது சகஜம். தண்ணி அடிப்படைல செஞ்சதா பாத்து வாங்கணும், எண்ணெயோ வாஸ்லினோ தடவுனா லேடெக்ஸ் காண்டம் பலவீனமாகி கிழிஞ்சிடும். முடிஞ்சதும் போய் யூரின் போயிட்டு வரணும், புதுசா உறவு தொடங்குற பெண்களுக்கு யூரின் இன்ஃபெக்‌ஷன் வர வாய்ப்பு அதிகம், எரிச்சலோ அடிக்கடி போற மாதிரியோ இருந்தா மறைக்காம காட்டணும். சில சொட்டு ரத்தத்துக்கு பயப்பட வேண்டாம், ஆனா பேடு நனையற அளவுக்கு நிக்காம வந்தா அது "முதல் தடவைல அப்படித்தான்" கிடையாது, உடனே ஆஸ்பத்திரி. கர்ப்பப்பை வாய்ப் புற்றுநோய் வராம தடுக்கற எச்பிவி தடுப்பூசி உறவு தொடங்கறதுக்கு முன்னாடி போட்டா பலன் ரொம்ப அதிகம், 9ல இருந்து 14 வயசு தான் சரியான காலம், ஆனா தவறவிட்டவங்க அதுக்கப்புறமும் டாக்டர்கிட்ட கேட்டு போட்டுக்கலாம். டாக்டர் "கல்யாணம் ஆயிடுச்சா"ன்னு கேட்டா பல சமயம் அவங்க கேக்கறது உறவு இருந்திருக்கான்னு தான், கல்யாணம் ஆகலன்னு மட்டும் சொல்லி நிறுத்துனா தேவையான டெஸ்ட்டு விட்டுப் போயிடலாம், கூட வந்தவங்கள வெளிய இருக்க சொல்லிட்டு உண்மைய சொல்லுங்க.

அவ சொல்லிட்டா, அவர்கிட்ட. என்ன பேசுனாங்கன்னு நான் துருவல. ரெண்டு நாள் அவர் போன் பண்ணலையாம், மூணாவது நாள் பண்ணி ஒரு மணி நேரம் பேசுனாராம். போன வாரம் அவளே கேட்டா, "அக்கா, அவருக்கும் ஏதோ கேக்கணும் போல இருக்கு, அத்தான் பேசுவாரா"ன்னு. என் வீட்டுக்காரர் போன எடுத்துகிட்டு மாடிக்கு போனாரு. நாப்பது நிமிஷம். நான் கீழ துணி மடிச்சுட்டு இருந்தேன், மடிச்சதையே திருப்பி மடிச்சேன்.

இறங்கி வந்து கட்டில் ஓரத்துல உக்காந்தாரு. "என்ன கேட்டாரு"ன்னேன். "தனக்கு முடியாம போயிட்டா என்ன பண்றதுன்னு கேட்டான். அது ஒண்ணு தான் அவன் பயம். பாவம், மூணு மாசமா தூக்கம் இல்லையாம்." "நீங்க என்ன சொன்னீங்க?"

"அந்த மாத்திரைய சொன்னேன்"னாரு. "அலமாரில வச்சிருந்தேன்ல, அத."

ஒன்பது வருஷத்துல அத அவர் என்னைத் தவிர யார்கிட்டயும் சொன்னதில்ல. கொஞ்ச நேரம் கழிச்சு போன என்கிட்ட நீட்டி, "அந்த டாக்டர் நம்பர் உன்கிட்ட தான இருக்கு, தம்பிக்கு அனுப்பிடு"ன்னாரு.